ஒலியின் பண்பு: கணினியில் ஒலியைத் தொகுத்தலும் பகுத்தலும்

க.பொ.த. (சாதாரண தரம்) – விஞ்ஞானம் – ஒலி



கோயில் திருவிழா நாளொன்றில் நீங்கள் வீட்டினுள் இருந்து படித்துக்கொண்டிருக்கிறீர்கள் எனக் கொள்வோம். வீதியில் நடப்பது எதுவும் உங்கள் கண்ணுக்குத் தெரியாது. ஆயினும் இது நாதஸ்வரம், இது தவில், இது கோயில் மணி என்று தயங்காமல் கூறுவீர்கள். நாதஸ்வரக்காரர் எழுப்பும் அதே சுரத்தை அதே உரப்பில் ஒருவர் வாயாற் பாடினாலும் உங்கள் காது இரண்டையும் மாற்றி எண்ணாது. இதற்குக் காரணமான சிறப்பியல்பு ஒலியின் பண்பு ஆகும்.

“பண்பு” என்ற விடையை அநேகமாக எல்லா மாணவரும் சரியாக எழுதுகின்றனர். ஆனால் “பண்பு வேறுபடுவதற்குக் காரணம் யாது?” என்ற அடுத்த வினாவுக்கு “மீடிறன் வேறுபடுவதால்” என்று எழுதிப் புள்ளியை இழப்போர் எனது வகுப்பிலும் ஒவ்வோர் ஆண்டும் உள்ளனர். சொல்லை மனனம் செய்து, பொருளை விட்டுவிடுவதே இத்தவறின் காரணம். இக்கட்டுரையைப் படித்து, இதிலுள்ள செயற்பாடுகளில் இரண்டையேனும் செய்து பார்த்தால் அத்தவறு உங்களுக்கு நேராது.

1. மூன்று சிறப்பியல்புகள்

முதலில் பாடத்தைச் சுருக்கமாக மீட்டுக்கொள்வோம்.

சுருதி – மீடிறனில் தங்கியுள்ளது. மீடிறன் கூடினால் சுருதி உயரும்.
உரப்பு – வீச்சத்தில் தங்கியுள்ளது. வீச்சம் கூடினால் உரப்புக் கூடும்.
பண்பு – அலைவடிவத்தில் தங்கியுள்ளது.

இசைக்கவையின் ஒலியைக் கதோட்டுக் கதிர் அலைவுகாட்டியில் நோக்கினால் ஒழுங்காக ஏறி இறங்கும் மென்மையான வளைகோடு ஒன்று தோன்றும். வயலினின் ஒலியை நோக்கினால் பற்கள் நிறைந்த, சிக்கலான வடிவம் தோன்றும். மீடிறன் சமமாயின் இரண்டு வடிவங்களும் ஒரே கால இடைவெளியில் மீள மீள வரும். வடிவம் மட்டும் வேறாக இருக்கும்.

2. சிக்கலான வடிவம் எவ்வாறு உண்டாகிறது?

வயலின் தந்தி ஒரு மீடிறனில் மட்டும் அதிர்வதில்லை. அடிப்படை மீடிறன் 256 ஹேர்ட்ஸ் எனின், அதே வேளையில் அதன் 2 மடங்கான 512, 3 மடங்கான 768, 4 மடங்கான 1024 ஹேர்ட்ஸ் என்னும் மீடிறன்களிலும் அதிர்கின்றது. அடிப்படைக்கு மேலுள்ள இவை மேற்றொனிகள் எனப்படும். 512 ஹேர்ட்ஸ் முதலாம் மேற்றொனி. 768 ஹேர்ட்ஸ் இரண்டாம் மேற்றொனி.

எந்தக் கருவியில் எந்த மேற்றொனி எவ்வளவு வீச்சத்துடன் கலந்துள்ளது என்பதே அலைவடிவத்தைத் தீர்மானிக்கின்றது. ஒரே அரிசியும் ஒரே பருப்பும் கொண்டு இரு வீடுகளில் பொங்கினாலும் சேரும் அளவு மாறினால் சுவை மாறும் அல்லவா? அதுபோலவே இதுவும்.

மீளும் எந்தச் சிக்கலான வடிவத்தையும் எளிய சைன் அலைகளின் கூட்டாக எழுதலாம் என்ற கருத்தைப் பிரான்சு நாட்டுக் கணிதவியலாளர் பூரியர் 1822 இல் வெளியிட்ட வெப்பம் பற்றிய நூலில் விரித்துரைத்தார். ஜேர்மனிய விஞ்ஞானி ஹெல்ம்ஹோல்ற்ஸ் 1863 இல் வெளியிட்ட நூலில் இதனை ஒலிக்குப் பிரயோகித்தார். அவர் உட்குழிந்த கோளங்களைக் காதில் வைத்து ஒலியிலுள்ள தொனிகளைத் தனித்தனியே கேட்டார். மின்னால் இயங்கும் இசைக்கவைகளை ஒன்றாக ஒலிக்கச் செய்து உயிரெழுத்துகளைப் போன்ற ஒலிகளை உண்டாக்கினார். முதலாவது பகுத்தல், இரண்டாவது தொகுத்தல்.

பகுத்துப் பெறும் வரைபு ஒலித் திருசியம் எனப்படும். வெண்ணிற ஒளியை அரியம் நிறங்களாகப் பிரிப்பது போல, இங்கு ஒலி மீடிறன்களாகப் பிரிக்கப்படுகின்றது. கிடை அச்சில் மீடிறனும் நிலைக்குத்து அச்சில் அதன் அளவும் குறிக்கப்படும்.

குறிப்பு: “ஒலித்தொகுப்பு” என்பது ஒலியை உருவாக்குதல். “ஒளித்தொகுப்பு” என்பது தாவரம் உணவு தயாரித்தல். விடைத்தாளில் லகர ளகர வேறுபாட்டைக் கவனிக்க.

3. தேவையான பொருள்கள்

“எங்கள் பாடசாலையில் அலைவுகாட்டி இல்லை” என்று கூறி இப்பகுதியைக் கடந்து செல்லாதீர்கள். வன்னியில் மின்சாரம் இல்லாதிருந்த 1990களில் சைக்கிள் டைனமோவைச் சுற்றி வானொலி கேட்டவர்கள் உங்கள் வீட்டுப் பெரியவர்கள். இன்று பாடசாலைக் கணினிக் கூடத்திலோ அயலிலோ உள்ள ஒரு கணினியும் ஓர் ஒலிவாங்கியும் அலைவுகாட்டியின் வேலையைச் செய்யும். அதற்கு மேலும் செய்யும்.

மென்பொருள்: ஓடாசிற்றி. ஐக்கிய அமெரிக்காவின் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் ஆரம்பிக்கப்பட்டு 2000 ஆம் ஆண்டில் வெளியான இம்மென்பொருள் இலவசமானது. ஒருமுறை பிரதி செய்து நிறுவினால் இணைய இணைப்பு இன்றியே இயங்கும்.

எச்சரிக்கை: கணினி உருவாக்கும் தொனியைக் காதணி ஒலிபெருக்கியில் கேட்குமுன் ஒலியளவைக் குறைத்துக்கொள்க.

4. செயற்பாடு 1 – தொகுத்தல்

(1) “ஜெனரேட்” பட்டியலில் “டோன்” என்பதைத் தெரிவுசெய்க. அலைவடிவம் சைன், மீடிறன் 256, வீச்சம் 0.6, காலம் 3 செக்கன் எனக் கொடுக்க.
(2) ஒலியைக் கேட்க. இசைக்கவையின் ஒலியைப் போன்று வெறுமையாக இருக்கும்.
(3) புதிய தடங்களில் பின்வருவனவற்றை ஒவ்வொன்றாக உருவாக்குக: 768 ஹேர்ட்ஸ், வீச்சம் 0.2, 1280 ஹேர்ட்ஸ், வீச்சம் 0.12, 1792 ஹேர்ட்ஸ், வீச்சம் 0.09.
(4) ஒவ்வொரு தடத்தைச் சேர்த்த பின்னரும் எல்லாவற்றையும் ஒன்றாகக் கேட்க.

அவதானம்: சுருதி மாறவில்லை. ஆனால் ஒலி படிப்படியாகக் கூர்மை பெற்று, ஊதுகருவி ஒன்றின் ஒலியை அணுகுகின்றது.

(5) நான்கு தடங்களையும் தெரிவுசெய்து “மிக்ஸ் அன்ட் ரென்டர்” மூலம் ஒன்றாக்குக. பின் பல முறை உருப்பெருக்கி அலைவடிவத்தை நோக்குக.

மென்மையான சைன் வளைகோடு இப்போது ஏறத்தாழச் சதுர வடிவம் பெற்றிருக்கும். நீங்கள் சேர்த்தவை 1, 3, 5, 7 என்னும் ஒற்றை மடங்குகள். வீச்சங்கள் முறையே ஏறத்தாழ 1, 1/3, 1/5, 1/7 என்னும் விகிதத்தில் உள்ளன. இவ்வாறு முடிவின்றிச் சேர்த்துக்கொண்டே போனால் கிடைப்பது சதுர அலை.

ஓர் அலை மீள்வதற்கு எடுக்கும் காலத்தையும் திரையில் அளக்கலாம். 10 அலைகளுக்கு ஏறத்தாழ 39 மில்லிசெக்கன் ஆகும். எனவே ஓர் அலைக்கு 3.9 மில்லிசெக்கன், மீடிறன் 1 ÷ 0.0039, அதாவது ஏறத்தாழ 256 ஹேர்ட்ஸ். வடிவம் எவ்வளவு மாறியும் இக்காலம் மாறவில்லை என்பதை அவதானிக்க. “மீடிறன் வேறுபடுவதால்” என்ற விடை ஏன் தவறு என்பது இப்போது விளங்கும்.

5. செயற்பாடு 2 – பகுத்தல்

நீங்கள் இப்போது உருவாக்கிய ஒலியையே முதலிற் பகுக்க வேண்டும். ஏன்? அதனுள் என்ன இருக்கிறது என்பது உங்களுக்கு முன்னரே தெரியும். தராசு சரியா என அறியத் தெரிந்த படிக்கல்லை வைத்துப் பார்ப்பது போல, விடை தெரிந்த ஒலியைக் கொடுத்துக் கணினியின் விடையைச் சோதிக்கிறோம். இப்படிச் சோதித்த பின்னரே தெரியாத ஒலிகளுக்கு அதனை நம்பலாம்.

(1) ஒன்றாக்கிய ஒலியில் 2 செக்கன் அளவு பகுதியைத் தெரிவுசெய்க.
(2) “அனலைஸ்” பட்டியலில் “புளொட் ஸ்பெக்ட்ரம்” என்பதைத் தெரிவுசெய்க. அளவு 4096 எனக் கொடுக்க.

வரைபில் 256, 768, 1280, 1792 ஆகிய இடங்களில் நான்கு உச்சிகள் நிற்கும். 512, 1024 ஆகியவற்றில் எதுவும் இராது. நீங்கள் இடவில்லை, அதனால் இல்லை.

நிலைக்குத்து அச்சு டெசிபெல்லில் உள்ளது. வீச்சம் பத்தில் ஒன்றானால் 20 டெசிபெல் குறையும். மூன்றில் ஒன்றானால் ஏறத்தாழ 9.5 டெசிபெல் குறையும். எனவே 768 இன் உச்சி 256 இன் உச்சியைவிட ஏறத்தாழ 9.5 டெசிபெல் கீழே இருக்கும்.

உச்சி 256 இல் மிகச் சரியாக விழாமல் ஓரிரு ஹேர்ட்ஸ் விலகலாம். கணினி ஒலியை ஒரு செக்கனுக்கு 44,100 தடவை அளந்து எண்களாக வைத்திருக்கின்றது. 4096 எண்களைச் சேர்த்து எடுத்தால் 44,100 ÷ 4096, அதாவது ஏறத்தாழ 10.8 ஹேர்ட்ஸ் இடைவெளியில்தான் வரைபு அமையும். அளவை 16384 ஆக்கினால் இடைவெளி 2.7 ஹேர்ட்ஸ் ஆகக் குறையும். ஆனால் அதற்கு நான்கு மடங்கு நீளமான ஒலித்துண்டு தேவை.

அடுத்து, ஆய்வுகூடத்தில் 256 எனப் பொறித்த இசைக்கவை இருந்தால் அதனைப் பதிவுசெய்து பகுக்க. அடித்தவுடன் “கிணீர்” என்னும் உயர்ந்த ஒலியொன்று சேர்ந்து கேட்கும். அது அடிப்படையின் 6 மடங்கிற்குச் சற்று மேற்பட்ட மீடிறனுடையது, விரைவில் அடங்கிவிடும். ஒரு செக்கன் கழித்துள்ள பகுதியை எடுத்தால் ஒரே உச்சி தெளிவாகத் தோன்றும்.

6. செயற்பாடு 3 – ஆ, ஈ, ஊ

தமிழ் படித்துக் கலைப்பட்டதாரியானவன் என்பதால் எனக்கு மிகவும் பிடித்த செயற்பாடு இது. ஒரே சுருதியில், ஒரே உரப்பில் ஆ, ஈ, ஊ என்று மூன்று செக்கன் வீதம் நீட்டிப் பாடிப் பதிவுசெய்க. மூன்றின் திருசியங்களையும் ஒப்பிடுக.

உச்சிகள் நிற்கும் மீடிறன்கள் மூன்றிலும் ஒன்றே. அவை குரல்நாண்களின் அதிர்விலிருந்து வருவன. ஆனால் எந்த உச்சிகள் உயர்ந்துள்ளன என்பது மாறும். “ஆ” வில் ஏறத்தாழ 700, 1200 ஹேர்ட்ஸ் அண்மையில் உள்ளவை மேலெழும். “ஈ” யில் 300 அண்மையிலும், வெகுதூரம் தள்ளி 2300 அண்மையிலும் மேலெழும். இவ்வெண்கள் ஆளுக்காள் சற்று வேறுபடும். சிறுவர், பெண்கள் குரலில் உயர்ந்திருக்கும்.

நாவையும் இதழையும் மாற்றும்போது வாயினுள் இருக்கும் வளியறையின் வடிவம் மாறுகின்றது. அவ்வறை சில தொனிகளை வலுப்படுத்தி, சிலவற்றை அடக்குகின்றது. அங்காத்தலால் அ, ஆ பிறக்கும் என்றும், இதழ் குவிவதால் உ, ஊ முதலியன பிறக்கும் என்றும் தொல்காப்பியப் பிறப்பியல் கூறுவதை நீங்கள் அறிவீர்கள். இலக்கணநூலார் வாயை நோக்கிக் கூறியதன் மறுபக்கமே திரையில் நீங்கள் காண்பது. உயிரெழுத்துகளைப் பிரித்தறிய உதவுவது இந்தப் பண்பு வேறுபாடே.

7. மிருதங்கத்தின் இரகசியம்

இனி, நம்மவர் ஒருவர் தீர்த்த சிக்கலை நோக்குவோம்.

தந்தியிலும் குழலிலும் மேற்றொனிகள் 2, 3, 4 என்னும் முழுவெண் மடங்குகளில் அமையும். ஆகவே அவற்றில் தெளிவான சுரம் பிறக்கும். இழுத்துக் கட்டிய வட்டத் தோல் அவ்வாறன்று. அதன் அதிர்வுகள் அடிப்படையின் 1.59, 2.14, 2.30, 2.65 மடங்குகளில் அமையும். இவை முழுவெண்கள் அல்ல. எனவே சாதாரண மேளத்தில் ஓசை உண்டு. தெளிவான சுரம் இல்லை.

ஆனால் மிருதங்கத்தை வித்துவான் பாடகரின் சுருதிக்குக் கூட்டுகிறாரே! தோற்கருவியில் இது எவ்வாறு இயலும்?

1888 இல் திருச்சிராப்பள்ளியிற் பிறந்த சி. வி. இராமன் இவ்வினாவை எடுத்துக்கொண்டார். 1920 இல் சிவகாளி குமார் என்பவருடன் சேர்ந்து “நேச்சர்” சஞ்சிகையில் ஒரு சிறு கட்டுரையும், 1934 இல் விரிவான கட்டுரையொன்றும் வெளியிட்டார். இடையில், 1930 இல், ஒளிச் சிதறல் பற்றிய ஆய்வுக்காக அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. பரிசு பெற்ற பின்னரும் அவர் மிருதங்கத்தை மறக்கவில்லை.

அவரிடம் கணினி இல்லை. தோலின் மேல் நுண்ணிய மணலைத் தூவி, விரலால் வெவ்வேறு இடங்களில் தொட்டு அடித்தார். அதிரும் இடத்திலிருந்து மணல் விலகி, அதிராத கோடுகளில் சேர்ந்தது. அக்கோடுகளைக் கொண்டு ஒவ்வோர் அதிர்வையும் இனங்கண்டார். அவர் கண்ட முடிவு இது: மிருதங்கத்தின் முதல் ஒன்பது அதிர்வு வகைகளும் சிதறிக் கிடக்காமல், 1, 2, 3, 4, 5 என்னும் மடங்குகளிலான ஐந்து தொனிகளாகக் கூடிவிடுகின்றன.

இதற்குக் காரணம் வலந்தலையின் நடுவிலுள்ள கரிய வட்டம். கரணை என்றும் சோறு என்றும் அதனை அழைப்பர். சோற்றுப் பசையையும் கனிமத் தூளையும் குழைத்து, மெல்லிய படைகளாகப் பூசித் தேய்த்து அது அமைக்கப்படுகின்றது. நடுவில் பாரம் கூடுவதால் ஒவ்வோர் அதிர்வும் வெவ்வேறு அளவில் இடம்பெயர்ந்து முழுவெண் மடங்கிற்கு வந்து சேர்கின்றது. எவ்வளவு பூச வேண்டும் என்பதைக் கருவி செய்வோர் தலைமுறை தலைமுறையாகக் காதினால் அறிந்து வைத்திருந்தனர். இராமன் அவர்களது அறிவுக்கு அளவு கொடுத்தார்.

8. செயற்பாடு 4 – கரணை இன்றியும் கரணையுடனும்

மிருதங்கம் இல்லாமலே இதனைச் சோதிக்கலாம். இரண்டு ஒலிகளைத் தொகுக்க. ஒவ்வொரு தொனிக்கும் வீச்சம் 0.15, காலம் 1 செக்கன்.

ஒலி (அ), வெறுந்தோல்: 200, 319, 427, 459, 531 ஹேர்ட்ஸ்.
ஒலி (ஆ), கரணையிட்ட தோல்: 200, 400, 600, 800, 1000 ஹேர்ட்ஸ்.

ஒவ்வொன்றையும் ஒன்றாக்கி, “ஃபேட் அவுட்” மூலம் படிப்படியாகத் தேயச் செய்க. பின் நண்பர் ஒருவரைக் கண்ணை மூடச் சொல்லி இரண்டையும் கேட்கச் செய்து, “எதனோடு சேர்த்துப் பாட முடியும்?” என வினவுக. (ஆ) வுடன் பாடலாம். (அ) வுடன் பாட முயன்றால் குரல் நிலைகொள்ள இடமிராது.

மிருதங்கம் கிடைக்குமாயின் வலந்தலையை அடித்துப் பதிவுசெய்து பகுக்க. உச்சிகளின் இடைவெளி ஏறத்தாழச் சமமாக இருக்கும். அடிக்கும் இடத்தையும் விரல் படும் இடத்தையும் பொறுத்து முதல் உச்சி சிறிதாகவும் இருக்கலாம். அதைக் கண்டு மயங்க வேண்டாம்.

9. வழமையான தவறுகள்

(1) 50 ஹேர்ட்ஸ் உச்சி: இலங்கையில் மின்வழங்கலின் மீடிறன் 50 ஹேர்ட்ஸ். அதனால் 50, 100 ஆகிய இடங்களில் உச்சிகள் தோன்றலாம். அவை குழலின் ஒலி அல்ல. மடிக்கணினியாயின் மின்னிணைப்பைக் கழற்றி மின்கலத்தில் இயக்குக. எப்போதும் முதலில் 5 செக்கன் மௌனத்தைப் பதிவுசெய்து அதன் திருசியத்தையும் பார்த்து வைக்க.
(2) கைத்தொலைபேசிப் பதிவு: சிலவற்றில் 4000 ஹேர்ட்ஸுக்கு மேல் எதுவும் பதியாது. அது கருவியின் குறை அன்று, பதிவின் குறை.
(3) அளவு மிகுதல்: வீச்சங்களின் கூட்டுத்தொகை 1 ஐத் தாண்டினால் அலையின் தலை வெட்டப்படலாம். வெட்டப்பட்டால், இல்லாத மேற்றொனிகள் தோன்றும்.

10. மாதிரி வினாவும் விடையும்

வினா: 256 ஹேர்ட்ஸ் மீடிறனுடைய சுரம் வயலினிலும் புல்லாங்குழலிலும் ஒரே உரப்புடன் எழுப்பப்படுகின்றது.
(அ) இரு ஒலிகளிலும் சமமான சிறப்பியல்புகள் எவை?
(ஆ) வேறுபடும் சிறப்பியல்பு யாது?
(இ) அவ்வேறுபாட்டிற்குக் காரணம் யாது?
(ஈ) வளியில் ஒலியின் வேகம் செக்கனுக்கு 340 மீற்றர் எனின், ஒலியின் அலைநீளம் யாது?

விடை:
(அ) சுருதி, உரப்பு.
(ஆ) ஒலியின் பண்பு.
(இ) அலைவடிவங்கள் வேறுபடுகின்றமை. (அடிப்படைத் தொனியுடன் கலந்துள்ள மேற்றொனிகளும் அவற்றின் வீச்சங்களும் கருவிக்குக் கருவி வேறுபடுகின்றன.)
(ஈ) வேகம் = மீடிறன் × அலைநீளம். அலைநீளம் = 340 ÷ 256 = 1.33 மீற்றர்.

11. பயிற்சி

(1) ஓர் ஒலியின் திருசியத்தில் 300, 600, 900 ஹேர்ட்ஸ் ஆகிய இடங்களில் உச்சிகள் உள்ளன. அடிப்படை மீடிறன், இரண்டாம் மேற்றொனி ஆகியவற்றைத் தருக.
(2) திரையில் 20 அலைகள் 0.05 செக்கனில் அடங்கியுள்ளன. மீடிறன் யாது?
(3) 150, 239, 320 ஹேர்ட்ஸ் உச்சிகளை உடைய ஒலி தந்தியினுடையதா, வெறுந்தோலினுடையதா? காரணம் தருக.
(4) செயற்பாடு 1 இல் 256 ஹேர்ட்ஸ் தொனியின் வீச்சத்தை மட்டும் அரைவாசியாக்கினால் சுருதி, பண்பு ஆகியவற்றுள் எது மாறும்?

விடைகள்: (1) 300, 900 ஹேர்ட்ஸ். (2) 400 ஹேர்ட்ஸ். (3) வெறுந்தோல், உச்சிகள் முழுவெண் மடங்குகளில் இல்லை, 1 : 1.59 : 2.13 என்னும் விகிதத்தில் உள்ளன. (4) பண்பு.

நினைவிற் கொள்க

பண்பு என்பது எந்த மீடிறன்கள் எவ்வளவு கலந்துள்ளன என்பதைப் பற்றியது. பகுத்து அறிந்ததைத் தொகுத்துப் பார்க்க. தொகுத்ததைப் பகுத்துப் பார்க்க. இரண்டு விடையும் ஒத்துவந்தால் உங்களுக்கு அது விளங்கிவிட்டது என்பது பொருள். இராமனுக்கு அன்று கிடைத்தது கைப்பிடி மணல். உங்களுக்கு இன்று கணினி உண்டு. அடுத்த முறை கோயில் வீதியில் மிருதங்கமோ தவிலோ கேட்டால், தோலின் நடுவில் என்ன பூசியிருக்கிறது என்று அருகே சென்று ஒருமுறை பார்த்து வாருங்கள்.